லிங்கம் அண்ணாச்சி ஹார்ட் டிஸ்க் பார்த்த படலம்

சத்தியம், சத்தியம், மூன்று தரம் சத்தியம். இதில் ஒரு சொல் பொய் என்றால் இன்றைக்குச் சாப்பிடுகிற சோறு எனக்குத் தொண்டையிலேயே நிற்கட்டும். தாமிரபரணியில் கழுத்தளவு தண்ணீரில் நின்று சொல்லச் சொன்னாலும் இதையேதான் சொல்வேன். ஒருத்தர் மண்டைக்குள் ஓடினது உனக்கு எப்படித் தெரியும் என்று கேட்பீர்கள். குற்றாலலிங்கம் அண்ணாச்சியின் மண்டை அப்படி, கிணற்றுக்குள் ஓடுகிற மோட்டார் மாதிரி, மேலே நிற்பவனுக்கெல்லாம் கேட்கும். போன புதன்கிழமை மத்தியானம் பன்னிரண்டு பத்துக்கு அவர் வண்ணார்பேட்டையில் ஜெபசீலியின் கம்ப்யூட்டர் கடையில் போய் உட்கார்ந்தார். மடியில் மஞ்சள் பை. பைக்குள் துண்டில் சுற்றின பழைய ஹார்ட் டிஸ்க், சாகக் கிடப்பது. புதிதாக ஒன்று வாங்கி, பழையது கண்ணை மூடுவதற்குள் அதில் இருப்பதையெல்லாம் இதற்கு மாற்ற வேண்டும். எந்தக் கம்பெனி டிஸ்க்கை நம்பி வாங்கலாம் என்பதுதான் கேள்வி. ஆனால் புதன்கிழமை பன்னிரண்டிலிருந்து ஒன்றரை வரை ராகு காலம், அதற்குள் எதையும் கையில் எடுத்து 'இதுதான்' என்று சொல்ல மாட்டார். எழுபத்துநாலு வயது மனுஷர் ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் ஒரு மணி இருபது நிமிஷம் சும்மா உட்கார்ந்திருந்தார், அவ்வளவுதான் நடந்தது. சும்மா இருந்தது உடம்பு மட்டும்.

ஜெபசீலி கண்ணாடி மேஜைமேல் மூன்று டிஸ்க் எடுத்து வைத்திருந்தாள். டோர்வின், ஹஷிமோ, பிரஸ்கா. மூன்றும் ஒரே அளவு, ஒரே கனம், ஒரே வெள்ளி மினுக்கம், மூன்று சோப்பு டப்பாவை வரிசையாக வைத்த மாதிரி, இதில் ஒன்று யோக்கியன், ஒன்று அயோக்கியன், ஒன்று நடுவாந்தரம் என்று ஊர் பூராவும் பேசுகிறது, பேசுகிற வாய்க்கு என்ன, காலையிலிருந்து ஐந்து பேருக்குப் போன் போட்டாயிற்று, ஐந்தும் ஐந்து முட்டாள்கள். பாங்கில் மேனேஜராக இருந்தவன் டோர்வின் என்றான், ஏன் ஓய் என்றால் அவன் மருமகன் அமெரிக்காவில் அதைத்தான் வைத்திருக்கிறானாம், மருமகன் அங்கே வயிற்றுப்போக்கில் படுத்தாலும் இவனுக்கு அது அமெரிக்க வயிற்றுப்போக்கு. எதிர் வீட்டு லெக்சரர், டோர்வினா ஐயையோ என்று போனிலேயே எழுந்து நின்றுவிட்டான், எட்டு வருஷம் எழுதின ஆராய்ச்சி ஒரே நாளில் போயிற்றாம், ஹஷிமோ வாங்கும் என்றான், அந்த ஆராய்ச்சியை எவன் படிக்கக் காத்துக்கொண்டிருந்தான், டோர்வின் ஊருக்கு ஒரு நன்மை செய்திருக்கிறது என்று சொல்ல வந்ததை அடக்கிக்கொண்டார். போட்டோ ஸ்டூடியோக்காரன் ஹஷிமோவைக் காறித் துப்பினான், பிரஸ்கா என்றான். யூடியூபில் ஒரு தாடிக்காரன் பதினெட்டு நிமிஷம் மூன்றையும் மாறி மாறித் தடவிக் கொடுத்துவிட்டுக் கடைசியில், எல்லாம் உங்க தேவையைப் பொறுத்தது நண்பர்களே என்றான், நண்பர்களாம், இவன் எந்தக் கல்யாணத்தில் இலை போட்டான் நமக்கு. ஒருத்தனுக்கு ஒரு டிஸ்க் செத்துவிட்டால் அந்தக் கம்பெனியின் வம்சமே ஆகாது, ஒருத்தனுக்கு ஒன்று ஓடிவிட்டால் அந்த வம்சமே தங்கம், இதை இருபத்தாறு வருஷமாக வீட்டு முன்னறையில் வரன் பார்த்துக் கொடுக்க உட்கார்ந்து கேட்டுக்கொண்டுதானே இருக்கிறார், அந்தக் குடும்பமா வேண்டாம் அண்ணாச்சி, சித்தப்பாவுக்குக் கை நடுங்கும், இந்தக் குடும்பமா கண்ணை மூடிக்கொண்டு முடியுங்கள், தாத்தா தாசில்தார். தாத்தா தாசில்தாராக இருந்தால் பேரன் குடிக்க மாட்டானா, அதே தொழிற்சாலை, அதே தட்டு, அதே ஊசி, ஒரு வயிற்றில் பிறந்தது ஒன்று நிற்கும், ஒன்று படுக்கும், அதற்குக் காரணம் கேட்டு வருகிறார்கள் பாருங்கள் முன்னறைக்கு, மஞ்சள் தடவின காகிதத்தை மடித்துக்கொண்டு, முகத்தில் ஒரு பக்தி, ஒரு பயம், பார்த்தாலே பத்திக்கொண்டு வரும்.

"டீ சொல்லவா அண்ணாச்சி?" ஜெபசீலி ஒரு கம்ப்யூட்டரின் வயிற்றைத் திறந்து வைத்துக்கொண்டு தூசி ஊதினாள். நாற்பத்தைந்து வயசிருக்கும், மூக்குக்கண்ணாடியை நெற்றிமேல் ஏற்றி வைத்திருந்தாள்.

"ஒண்ணரைக்கு மேல சொல்லும்மா."

"டீக்குமா ராகு காலம்?"

"டீ ஒரு பாவமும் பண்ணல. குடிச்சா ஒண்ணுக்கு வரும், எந்திரிச்சுப் போகணும், பையைக் கீழ வைக்கணும்."

"பையை என்கிட்ட தாங்க. நான் தின்னுற மாட்டேன்." சிரித்தாள். "எங்களுக்கெல்லாம் எந்த நேரமும் கர்த்தரோட நேரந்தான். எப்ப வேணும்னாலும் வாங்கலாம்."

"உங்க கர்த்தர் டிஸ்க்குக்கு வாரண்டி குடுப்பாரா?"

"அவரு ஆத்துமாவுக்குத்தான் குடுப்பாரு. டிஸ்க்குக்குக் கம்பெனிக்காரன் குடுப்பான். டோர்வின் அஞ்சு வருசம், ஹஷிமோ மூணு, பிரஸ்கா ரெண்டு." பிறகு கண்ணாடியை மூக்குக்கு இறக்கிக்கொண்டு பையைப் பார்த்தாள். "சொன்னது ஞாபகம் இருக்கட்டும் அண்ணாச்சி. பழசுக்குள்ள ஊசி தட்டுல உரசுது, அதான் டக்கு டக்குன்னு கேட்டிருக்கு. கரண்டு குடுத்தா ரெண்டு நிமிசம் ஓடுமோ பத்து நிமிசம் ஓடுமோ. எது மொதல்ல வேணுமோ அத நெனச்சு வச்சுக்கிடுங்க. எல்லாத்தையும் காப்பாத்தித் தாரேன்னு நான் சொல்ல மாட்டேன்."

எது முதலில் வேண்டும் என்பது அவருக்குத் தெரியும், அதுதான் தொந்தரவு. முன்னறையில் அவர் நடத்துவது கல்யாணத் தகவல் நிலையம், டிஸ்க்குக்குள் ஒன்பதாயிரத்துச் சொச்சம் ஜாதகம், அதில் முந்நூற்றுப் பன்னிரண்டு ஜாதகத்துக்கு இரண்டு பிரதி. ஒன்று அவர் கட்டம் மாற்றி ஊருக்குக் கொடுத்தது. இன்னொன்று நிஜம். செவ்வாய் உட்காரக்கூடாத வீட்டில் உட்கார்ந்திருந்தால் பக்கத்து வீட்டுக்கு நகர்த்துவார், அவ்வளவுதான், நாற்காலியை நகர்த்துகிற மாதிரி, நட்சத்திரம் உதவாது என்றால் பிறந்த நேரத்தை ஒரு மணி முன்னே பின்னே தள்ளுவார், யாருக்கு என்ன நஷ்டம், பையனுக்குப் பெண்ணைப் பிடித்திருக்கிறது, பெண்ணுக்கும் பிடித்திருக்கிறது, நடுவில் பன்னிரண்டு கட்டம் மறித்துக்கொண்டு நிற்கிறது, அந்தக் கட்டத்தை எழுதினவன் எவன், காப்பி ஆறிவிடும் என்ற அவசரத்தில் பஞ்சாங்கத்தைப் புரட்டின எவனோ ஒரு அரைகுறை. ஜாதகம் போடுகிற சாப்ட்வேர் வாங்குங்கள் என்று எத்தனை பேர் சொன்னார்கள், நேரத்தை மாற்றினால் சாப்ட்வேர் மற்றதையெல்லாம் தானே மாற்றிப் போட்டுவிடும், அதன் கணக்கு அவர் கைக்கு அடங்காது, அதனால் வாங்கவில்லை, கட்டம் கட்டமாகக் கையாலேயே டைப் அடித்தார். முந்நூற்றுப் பன்னிரண்டு கல்யாணம், பந்தியில் உட்கார்ந்து பாயசம் குடித்துக்கொண்டே மணமேடையைப் பார்ப்பார், சாஸ்திரிகள் லக்னம் வாசிப்பார், சுற்றிலும் தலைகள் ஆடும், அத்தனை தலையும் தன் ஒரு விரல் தட்டினதற்கு ஆடுகிறது என்று நினைக்கும்போது வருகிற குளிர்ச்சி இருக்கிறதே, அதற்காகத்தான் நிஜப் பிரதியை அழிக்காமல் வைத்திருந்தார் போல. சாயங்காலம் ஆள் இல்லாத நேரத்தில் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் திறந்து வைத்துப் பார்ப்பார். ஊர் மொத்தமும் ஒரு பக்கம், தான் ஒருத்தர் மறுபக்கம். முட்டாள்களா. முட்டாள்களா. இப்படி ஊரையே ஏய்த்த மனுஷன் ஒன்றரை அடிக்கட்டும் என்று காத்திருக்கிறானே என்று ஒரு எண்ணம் ஓரமாக எட்டிப் பார்த்தது, அதைச் சீ போ என்றார், ராகு காலம் வேறு, ஜாதகம் வேறு, இது சும்மா ஒரு வழக்கம், செருப்பை வலது காலில் முதலில் மாட்டுகிற மாதிரி. மின்விசிறி தலைக்குமேல் க்ளக் க்ளக் என்று ஒரு இடத்தில் இடறியது. காலையில் டிஸ்க்கும் இப்படித்தான்.

காலையில் எட்டு மணிக்கு மகள் போன் பண்ணினாள். ஆவுடைநாயகி, நாகர்கோவிலில் கட்டிக் கொடுத்தது, பதினாலு வருஷம். அப்பா, மாமாவுக்கு நாளைக்கு ஆபரேஷன், இருதயம், மாமா ஒண்ணு கேக்கச் சொன்னாக, நான் பொறந்த நேரம் என்ன. ஜாதகத்துல இருக்கேம்மா, சாயந்தரம் அஞ்சு அம்பது. அது இல்லப்பா, நிஜ நேரம். நிஜ. அந்த ஒரு வார்த்தை காதுக்குள் நுழைந்து எங்கேயோ மாட்டிக்கொண்டு நிற்கிறது, தொண்டையில் மீன் முள் மாதிரி, எச்சில் விழுங்கினாலும் போகவில்லை. பாத்துச் சொல்லுதேன் என்று வைத்துவிட்டுக் கம்ப்யூட்டரைப் போட்டால் டக், டக், டக், நீலத் திரை, முடிந்தது. அவள் மாமனார், சம்பந்தி சங்கரவடிவேலு, எதற்கு நேரம் கேட்கிறார். ஆவுடை மூலம். மூலத்தில் பிறந்த பெண் மாமனாருக்கு ஆகாது என்று ஊர் சொல்லும், எந்த ஊர், கை நடுங்குகிற சித்தப்பாக்களின் ஊர், அதனால் அப்பன் என்கிற முறையில் நேரத்தைத் தள்ளி மூலத்தைத் தாண்டிப் பூராடத்தில் வைத்தார், இருபது வரன் எடுபடாமல் போய் இருபத்தொன்றாவது எடுபட்டது, சம்பந்தி கட்டத்தைக் கையில் வாங்கி ஒரு நிமிஷம் பார்த்தார், மடித்துச் சட்டைப் பையில் வைத்தார், காப்பி நல்லாருக்கு என்றார். நில அளவை ஆபீசில் சங்கிலி பிடித்த மனுஷன், ரிட்டயர் ஆகிற வரைக்கும் சர்வேயர், வயலை அளந்தவனுக்கு வானம் தெரியுமா என்று அன்றைக்கு ஒரு இளக்காரம். கட்டத்தைப் பிடித்த விதத்தைப் பார்த்தாலே தெரியவில்லையா, தலைகீழாகக் கொடுத்திருந்தாலும் காப்பி நல்லாருக்கு என்றுதான் சொல்லியிருப்பார். ஆனால் அந்த மனுஷர் இருமினால் இவருக்கு இங்கே வியர்க்கும். ஆடிக்கு ஒரு தரம், தீபாவளிக்கு ஒரு தரம் நாகர்கோவில் போவார், சம்பந்தி புறங்கையை வாயில் வைத்து ரெண்டு தரம் இருமுவார், உப்புமாவில் கடுகு தொண்டையில் ஏறின இருமல்தான், ஆனாலும் இவர் தட்டை வைத்துவிட்டுப் பார்ப்பார், போய்விடுவாரோ, நான் மூடி வைத்தது வேலையைக் காட்டிவிடுமோ, எல்லாம் குப்பை, எல்லாம் புரட்டு, ஆனாலும் போய்விடுவாரோ. பதினாலு வருஷம் ஒருத்தருடைய இருமலை எண்ணினவன் இந்த ஜில்லாவில் எவனாவது உண்டா. இப்போது இருதயம். இருமல் என்று நினைத்துக்கொண்டிருந்தோம், அது வேறு வாசல் வழியாக வந்துவிட்டது. நிஜ நேரம் கேட்கிறார் என்றால் யாரோ ஜோசியன் சொல்லியிருக்கிறான், மருமகள் நட்சத்திரத்தைச் சரியாகப் பார் என்று, ஆபரேஷனுக்கு முந்தின நாள் பார்த்து, மூலம் என்று தெரிந்தால் அந்தப் பிள்ளையை அந்த வீட்டில் எப்படிப் பார்ப்பார்கள், கத்தி வைக்கிற டாக்டர் கை தவறினால்கூட அவள் தலையில்தான் வரும். சொல்லாமல் இருந்துவிட்டால்? டிஸ்க் செத்துப்போச்சு என்று சொல்லிவிட்டால்? நல்ல டிஸ்க் எதற்கு, கெட்ட டிஸ்க் போதுமே. எதற்கு இங்கே வந்து உட்கார்ந்திருக்கிறோம்.

ஆனால் கேட்டது மகள், எவனோ கேட்டிருந்தால் ஐந்து ஐம்பது என்று காறித் துப்பின மாதிரி சொல்லியிருப்பார். நான் எப்பப்பா பொறந்தேன். அதற்குப் பதில் தெரியாது. அதுதான் பஸ்ஸில் வரும்போதே தெரிந்துபோன விஷயம், ஜன்னல் கம்பியில் நெற்றி இடித்தபோது தெரிந்தது, மாற்றின நேரம் மனப்பாடம், நிஜ நேரம் நினைவில் இல்லை. மூன்றரையா, நாலா, நாலே முக்காலா. பாளையங்கோட்டை ஆஸ்பத்திரி, நீளமான தாழ்வாரம், பினாயில் வாசனை, அவர் ஒரு தூணில் சாய்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தார், டம்ளரின் விளிம்பில் ஒரு விரிசல், உதட்டைக் கிழித்துவிடுமோ என்று பார்த்துப் பார்த்துக் குடித்தார், நர்ஸ் வந்து பொம்பளப் பிள்ளை என்றாள், அப்போது எதிர்ச்சுவரில் வெயில் இருந்தது, சாய்ந்த வெயில், செங்கல் நிறம். வெயில் இருந்ததா? உலகம்மாள் மழை என்பாளே. உலகம்மாள் அவர் சம்சாரம், அவளை உட்கார்த்தி வைத்துப் பாடம் சொல்லிக்கொடுத்தது அவர்தான், யார் கேட்டாலும் விளக்கு வைக்கிற நேரம், சரியா, அஞ்சு அம்பது, சரியா. அவள் நாலு வீட்டில் சொன்னாள், பத்து வீட்டில் சொன்னாள், சொல்லச் சொல்ல விளக்கோடு மழையும் சேர்ந்தது, மழையோடு கரண்டு போனதும் சேர்ந்தது, இருட்டுல பிள்ளை அழுதுது, நர்ஸ் மெழுகுதிரியக் கொண்டாந்து மொகத்தக் காட்டினா என்பாள், சொல்லும்போது கண்ணில் தண்ணீர் நிற்கும், நிஜத் தண்ணீர். இன்று காலையில் அவளிடம் மெதுவாகக் கேட்டார், ஏளா, உள்ளபடிக்கு எப்பப் பொறந்தா. அவள் இவரைப் பைத்தியத்தைப் பார்க்கிற மாதிரி பார்த்தாள். மெழுகுதிரி வெளிச்சத்துலல்லா பாத்தேன் என்றாள். அந்த மெழுகுதிரி இப்போது அவர் தாழ்வாரத்துக்குள்ளும் வந்துவிட்டது, வெயிலும் இருக்கிறது, மெழுகுதிரியும் எரிகிறது, டீ டம்ளரில் மழைத்துளி விழுகிறது, எது முதலில் இருந்தது, எது பிறகு வந்தது, துடைக்கத் துடைக்க எல்லாம் ஒன்றாக ஈரமாகிறது. ஊரை ஏய்த்தது சரி, தன்னை ஏய்க்க யார் சொன்னது. நிஜம் இப்போது உலகத்தில் ஒரே ஒரு இடத்தில்தான் இருக்கிறது. மடியில், துண்டுக்குள், நட்டு போட்டு முடுக்கின ஒரு இரும்புப் பெட்டியில்.

"நீ சொல்லும்மா," என்றார் திடீரென்று. "உங்க வீட்டுக் கம்ப்யூட்டர்ல எது போட்டிருக்கிய?"

"எது கடையில மிச்சம் கெடக்கோ அது."

"முக்கியமானது போயிட்டுன்னா?"

"போகும் அண்ணாச்சி. எல்லாக் கம்பெனியும் சாகும். இன்னைக்குச் சாகலன்னா நாளைக்கு. முக்கியமானத ஒரே இடத்துல எவனாவது வைப்பானா? இருபத்தாறு வருசமா ஒரு காப்பிகூட எடுக்கலியா நீங்க?" அவள் குரலில் இருந்தது என்ன என்று அவருக்கு நன்றாகத் தெரியும். முன்னறையில் உட்கார்ந்துகொண்டு தான் மற்றவர்களிடம் பேசுகிற குரல் அது.

"முக்கியமானதுக்கெல்லாம் ரெண்டு ரெண்டு வச்சிருந்தேன்," என்றார்.

"எங்க?"

"அதுக்குள்ளயேதான்."

அவள் குனிந்து தூசியை ஊதினாள். அந்த ஊதல் அவர் முகத்தில் பட்டது.

திமிர். ஒரு பெட்டியை அக்கக்காகக் கழற்றத் தெரிந்தால் உலகமே தெரிந்த மாதிரி. இருந்தாலும் எல்லாம் சாகும் என்று சொன்னாளே, அந்த ஐந்து முட்டாள்களும் சொல்லாதது, தாடிக்காரன் பதினெட்டு நிமிஷத்தில் சொல்லாதது. அப்படியானால் எது நம்பகமானது என்கிற கேள்வியே கிடையாது, எது எனக்குப் பிறகும் இருக்கும், எது எனக்கு முன்னால் போகும் என்பதுதான் கேள்வி. டோர்வின் ஐந்து வருஷம். தன் ஜாதகப்படி தனக்கு எழுபத்தெட்டு முடிய, இன்னும் நாலு வருஷம் சொச்சம். டோர்வின் வாங்கினால் தான் போனபின் அது பாட்டுக்கு எட்டு மாசம் உயிரோடு மேஜைமேல் உட்கார்ந்திருக்கும், முந்நூற்றுப் பன்னிரண்டு நிஜத்தையும் வயிற்றில் வைத்துக்கொண்டு, எவனாவது திறப்பான். ஹஷிமோ வாங்கினால் கடைசி ஒரு வருஷம் தான் வெறுங்கையோடு கிடக்க வேண்டும். பிரஸ்காவுக்கு ரெண்டு வருஷம், அதற்கு ஆயுசு பார்ப்பதே வீண். நாலு வருஷம் வாரண்டியில் எவனும் ஏன் செய்வதில்லை, ஒரு மனுஷனுக்குப் பொருத்தமாக ஒரு டிஸ்க் செய்யத் துப்பில்லாதவர்கள். பிறகு நினைவு வந்தது, தன் ஜாதகமே யோக்கியமா. பள்ளிக்கூடத்தில் சேர்க்க வயது பத்தாமல் அவர் அப்பா ஏழு மாசம் கூட்டிப் போட்டு ஆனி மாசம் என்று எழுதிக் கொடுத்தார், அதே ஆனியை வைத்துத்தான் பிறகு யாரோ ஜாதகம் கணித்தார்கள், எழுபத்தெட்டு என்பது அந்தப் பொய்ப் பிள்ளைக்குச் சொன்ன ஆயுசு. நிஜப் பிள்ளைக்கு எத்தனை என்று எவனுக்கும் தெரியாது. நாளைக்கே இருக்கலாம். இந்த நாற்காலியில் இருக்கலாம். சட்டைக்குள் மார்பில் ஒரு முடி நனைந்து ஒட்டியது, கையை வைத்துப் பார்த்தார், துடித்தது, டக், டக், விசிறியா நெஞ்சா என்று தெரியாமல் கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருந்தார். சம்பந்தியும் இப்போது ஏதோ ஒரு கட்டிலில் இதைத்தான் கேட்டுக்கொண்டிருப்பார். சீ. அவரும் நானும் ஒன்றா.

"ஒண்ணரை ஆயிட்டு அண்ணாச்சி. எனக்குப் பசிக்கி. எதப் போட?"

மூன்றையும் பார்த்தார். மூன்றும் திரும்பிப் பார்க்கவில்லை. "டோர்வினப் போடு," என்றார், டோர்வின்மேல் இருந்த மரியாதையால் அல்ல, அது கைக்குப் பக்கத்தில் இருந்தது.

அவள் பையை அவிழ்த்தாள். கேபிளை மாட்டினாள். பழையது ஒரு முனகு முனகிற்று, சுழன்றது, திரையில் பட்டியல் எழுந்தது. "சீக்கிரம் சொல்லுங்க, எது மொதல்ல?" முந்நூற்றுப் பன்னிரண்டு பெயரும் வாசலில் வந்து நெருக்கிக்கொண்டு நின்ற மாதிரி இருந்தது. "ஆவுடை," என்றார். "ஆவுடைன்னு ரெண்டு இருக்கும். நிஜம்னு போட்டிருக்கதத் தெறந்து வாசி."

அவள் திறந்தாள். சத்தமாக வாசித்தாள். "கார்த்திகை மாசம், மாலை நாலு பத்து. மூலம் நாலாம் பாதம். மேஷ லக்னம்." வாசித்து முடிக்கவும் டக் என்றது, ஒரு தரம், இரண்டு தரம், மூன்றாவதற்கு வெறும் காற்றுச் சத்தம். திரை அப்படியே உறைந்தது. அவள் கேபிளைக் கழற்றி மாட்டினாள், மறுபடி மாட்டினாள், காதை வைத்துக் கேட்டாள், பிறகு கையை எடுத்துவிட்டாள்.

"போயிட்டு அண்ணாச்சி."

வெயில். வெயில்தான் இருந்தது. நாலு பத்துக்கு எதிர்ச்சுவரில் செங்கல் நிற வெயில், மழை கிடையாது, மெழுகுதிரி கிடையாது, விரிசல் விட்ட டம்ளர், சர்க்கரை தூக்கலான டீ. மற்றது எல்லாம் போனது உறைக்கக்கூட இல்லை, போனை எடுத்து மகளுக்குப் போட்டார், கை நடுங்கிற்று, சித்தப்பாக்களின் கை மாதிரி. நாலு பத்தும்மா, என்றார். மூலந்தான். அப்பன் மாத்திட்டேன். மன்னிச்சுக்கோ என்று சொல்ல வாய் எடுப்பதற்குள் அந்தப் பக்கம் போன் கை மாறியது.

"என்ன சம்பந்தி, நாலு பத்தா?" சங்கரவடிவேலுவின் குரல், மூச்சு வாங்கியது, ஆனால் உற்சாகம். "நான் நாலு முப்பதுன்னுல்லா வச்சிருந்தேன்! இருவது நிமிசம் பெசகிட்டு."

"என்ன சொல்லுதியன்னு புரியலியே."

"கார்த்திகை மாசம் சூரியன் விருச்சிகத்துல நிக்கும். அஞ்சு அம்பதுங்கது சூரியன் அடையுத நேரம். அப்பம் எதுத்தாப்பில, கெழக்க எந்திரிக்க ராசி ரிஷபம். ரிஷப லக்னம்னுல்லா இருக்கணும்? நீரு நேரத்த மாத்தினீரு, நச்சத்திரத்த மாத்தினீரு, லக்னத்த மேஷத்துலயே விட்டுட்டீரே ஐயா. கையில வாங்கின அன்னைக்கே பாத்தேன். மேஷம்னா மூணேகாலுக்கும் அஞ்சுக்கும் நடுவுல. அதுக்கு மேல அளக்க முடியல. பதினாலு வருசமா மனசுல கெடக்கு. நாளைக்கு நான் பொட்டுன்னு போயிட்டா யார்ட்ட கேக்க, அதான் கேக்கச் சொன்னேன்."

"தெரிஞ்சா பொண்ணெடுத்தீரு?"

"எடுத்தா என்ன?" ஒரு இருமல் இருமினார், நீளமாக. குற்றாலலிங்கம் நாற்காலியின் கையைப் பிடித்துக்கொண்டார். "மூலம் மாமனாரத் தின்னுரும்னா பதினாலு வருசமா எடுத்துக்கிடும்? நான் வேல பாத்த ஆபீசு கூட இம்புட்டு மெதுவா இருக்காதுவே. பிள்ளையப் பிடிச்சிருந்துது, எடுத்தோம். உம்ம கட்டத்தத்தான் பிடிக்கல. தப்பா வரையுதவன் ஒழுங்கா வரையணும் பாரும்." சிரித்துக்கொண்டே போனை வைத்துவிட்டார்.

கட்டத்தில் தப்பு. இருதயம் இல்லை, மூலம் இல்லை, பாவம் இல்லை, கட்டத்தில் தப்பு. காது எரிந்தது. இதில் லக்னத்தை விட்டிருந்தால் எல்லாவற்றிலும் விட்டிருப்பார், முந்நூற்றுப் பன்னிரண்டிலும் விட்டிருப்பார், ஒரே கை, ஒரே மடத்தனம், அத்தனையும் அத்தனை வீட்டுப் பீரோவில் பட்டுப்புடவைக்கு அடியில் கிடக்கிறது. எத்தனை பேர் பார்த்தார்கள். எத்தனை பேர் பார்த்துவிட்டு, காப்பி நல்லாருக்கு என்று சொல்லி மடித்து வைத்தார்கள். பந்தியில் அவர் பாயசம் குடிக்கும்போது ஆடின தலைகள், எதற்கு ஆடின, சாஸ்திரிகளுக்கா, பாயசத்துக்கா, இவருக்கா. ஒருவரும் பார்க்கவில்லை என்றால் அது ஒரு கேவலம். எல்லாரும் பார்த்தார்கள் என்றால் அது வேறு கேவலம். இரண்டில் எது பெரிது என்று எடை போட்டுப் பார்த்தார், தட்டு நிற்கவில்லை. சரி பார்க்கலாம் என்றால் பார்க்க ஒன்றும் இல்லை, எல்லாம் போயிற்று.

"புதுசு வேண்டாம்னா எடுத்துக்கிடுதேன் அண்ணாச்சி," என்றாள் ஜெபசீலி. முதல் தரம் அவள் குரலில் இளக்காரம் இல்லை, அது இன்னும் மோசமாக இருந்தது. "உள்ள போட உங்ககிட்ட ஒண்ணும் இல்லியே."

"இருக்கு. நான் சொல்லுதேன், நீ அடி."

அவள் பசியோடு உட்கார்ந்து அடித்தாள். ஆவுடைநாயகி. கார்த்திகை. மாலை நாலு பத்து. மூலம், நாலாம் பாதம். மேஷ லக்னம். ஒவ்வொரு கட்டமாகக் கையை வைத்துக் காட்டினார், சூரியனைத் தொட்டுப் பார்த்து ஏழாம் வீடு எண்ணினார், அது அடைகிற நேரத்து ரிஷபம், நாலு பத்துக்கு அதற்கு முந்தின வீடு, மறுபடி எண்ணினார், மேஷம் சரி.

"வேற?"

"வெயில் இருந்ததுன்னு போடு."

"ஜாதகத்துலயா?"

"போடு."

போட்டாள். காலியாகக் கிடந்த டோர்வினின் மூலையில் அந்த ஒரே ஒரு தாள் போய் உட்கார்ந்தது. குற்றாலலிங்கம் கண்ணாடியைக் கழற்றிவிட்டுத் திரைக்குக் கிட்டே முகத்தைக் கொண்டுபோய் ரொம்ப நேரம் அதைப் படித்தார்.

இவ்வளவுதான். நடந்ததை நடந்தபடி சொல்லிவிட்டேன். ஆனால் இதை எங்கே போய்ச் சொன்னாலும் என் பெயரை மட்டும் இழுக்காதீர்கள், உங்களுக்குப் புண்ணியமாகப் போகும். என் மருமகள் ஜாதகமும் அண்ணாச்சி கை பட்டதுதான். நானும் அன்றைக்குக் காப்பி நல்லாருக்கு என்றுதான் சொன்னேன். அவர் இன்னும் என்னை முட்டாள் என்றே நினைத்துக்கொண்டிருக்கிறார், அப்படியே இருக்கட்டும்.